கண்ணு தெரியாத நாய்க்குப் போடுற வளைய பெல்ட், நம்ம மலைநாட்டுக்குச் சரி வருமா?

எங்க ரோசிக்கு சீனி வருத்தம் வந்து ரெண்டு கண்ணுலயும் வெள்ளை படர்ந்து பார்வையே போயிருச்சு. சீனி உள்ள நாய்கள்ல முக்காவாசிக்கு ஒரு வருசத்துக்குள்ள இப்பிடி புரை விழுந்துருமாம், அதனால உங்க நாய் திடீர்னு நெறைய தண்ணி குடிச்சு அடிக்கடி ஒண்ணுக்குப் போச்சுன்னா உடனே ரத்தம் செக் பண்ணிப் பாருங்க.

பெல்ட்ட கொழும்புல இருந்து கொரியர்ல எடுத்தோம். நெஞ்சுல மாட்டுற வாரு, அதுல இருந்து மூஞ்சிக்கு முன்னால அரைவட்டமா ஒரு பிளாஸ்டிக் கம்பி, சுவரோ கதவோ வந்தா மொதல்ல கம்பிதான் முட்டும். வீட்டுக்குள்ள உண்மையிலயே நல்லா வேலை செய்யுது, மொதல்ல மூலையிலயே சுருண்டு கெடந்த புள்ள இத போட்டதுக்கப்புறம் தைரியமா காம்பராவுக்கும் குசினிக்கும் நடக்க ஆரம்பிச்சுச்சு, எது எங்க இருக்குன்னு மனசுல பதிஞ்சதும் பெல்ட் இல்லாமலே போகுது. மேசை கதிரைய மட்டும் எடம் மாத்தாதீங்க.

ஆனா நம்ம பக்கம் எங்க பார்த்தாலும் படியும் கானும்தானே, இந்தக் கம்பி முன்னால இருக்கிறத மட்டுந்தான் காட்டும், கீழ பள்ளம் இருக்கிறத காட்டவே காட்டாது. இஸ்தோப்புப் படியில கம்பி வெறும் காத்துல நிக்கும், நாய் வழி இருக்குன்னு கால வச்சிரும். இத விக்கிறவங்க கட்டாயம் சொல்லணும். நாங்க ஒவ்வொரு படிக்கு முன்னாலயும் பழைய சாக்கு போட்டிருக்கோம், காலுக்கு சொரசொரன்னு பட்டதும் நின்னு மோந்து பார்த்துட்டு மெதுவா எறங்குது. அம்மா "ரோசி, படி"ன்னு கொரல் குடுத்தாலும் நிக்கும். தேயிலைப் பக்கம் போறப்ப கழட்டிருங்க, செடியில மாட்டிக்கும். திங்கிறப்பவும் கழட்டணும்.

கண்ணு போச்சு, இனி என்னத்துக்கு, ஊசி போட்டுருங்கன்னு சொன்னவங்க இருக்காங்க, அத கேக்கவே வயிறு எரியுது. நமக்கு வாசனை புடிக்கிற செல்லு ஒரு 60 லட்சம்னா நாய்க்கு 30 கோடி வரைக்கும் இருக்கு, கண்ணுக்கு மேலயும் வாய் ஓரத்துலயும் இருக்கிற மீசை முடி லேசா பட்டாலே பக்கத்துல என்னமோ இருக்குன்னு தெரிஞ்சுக்கும். கங்கை ஆத்து டொல்பினுக்கு கண்ணுல லென்ஸே கெடையாது, சத்தம் விட்டு அது திரும்பி வர்றத வச்சே கலங்கத் தண்ணியில மீன் புடிச்சு வாழுது. ரோசியும் அப்பா பீலிக்கரையில இருந்து வர்ற காலடிச் சத்தத்துக்கே வால ஆட்டுது.

மூக்குதான் இப்ப அதுக்கு எல்லாமே, அதனால மழை நாள்ல வெளிய போயி வந்தா மூக்குல அட்டை ஏறியிருக்கான்னு பாருங்க. ராத்திரியில உள்ளுக்கே படுக்க வைங்க, சிறுத்தை நாயத் தூக்குறது நம்ம தோட்டங்கள்ல புதுசு இல்லையே.

மேடு பள்ளம் இல்லாத தரை உள்ள வீட்டுக்கு, அதுவும் புதுசா பார்வை போன நாய்க்கு தாராளமா வாங்கலாம். படி நெறைய உள்ள லயத்துக்கு இத மட்டும் நம்பாதீங்க. நெஞ்சு சுத்தளவு டேப்ல அளந்து அனுப்புங்க, லூசா இருந்தா கம்பி கீழ தொங்கி காலுல தட்டும், வாரு நனைஞ்சா இந்தப் பனியில சீக்கிரம் காயாது, ஈரத்தோட போட்டா கைக்கு அடியில தோல் உரிஞ்சிரும்.