வெளியில் சமாதானமாகிவிட்டோம் என்று வழக்குத் தவணைக்குப் போகாமல் விடாதீர்கள்

கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பக்கம் கடன் வழக்கோ காணி வழக்கோ வைத்துக்கொண்டு வெளியில் பேசித் தீர்க்க நிற்பவர்கள் இதைக் கட்டாயம் வாசியுங்கள். எங்கள் வீட்டுக்கு நடந்தது இன்னொரு வீட்டுக்கு நடக்கக்கூடாது.

அண்ணா லாண்ட்மாஸ்டர் (இரண்டு சில்லு உழவு மெசின்) வாங்க ஒருவரிடம் வட்டிக்குக் காசு எடுத்திருந்தார். ஒரு போகம் வெள்ளத்தோடு போனதால் கட்ட முடியவில்லை, அவர் மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார். சரி, அது அவருடைய உரிமை. பிறகு காலபோக நெல் விற்ற காசோடு பெரியப்பா முன்னிலையில் பேசி, ஒரு தொகைக்கு இரண்டு பகுதியும் சம்மதித்து, காசு முழுவதையும் அவர் எண்ணி வாங்கி, கடுதாசி எழுதி, முத்திரைக்கு மேல் கையெழுத்து வைத்து, சமாதான நீதவானின் சீலும் குத்தியாயிற்று. “தம்பி, இனி நீ தவணைக்கு அலையத் தேவையில்லை, நான் என்ர லோயரிட்டச் சொல்லி வழக்கை எடுப்பிக்கிறன்” என்று சொல்லி, அம்மா ஊற்றிய தேத்தண்ணியையும் குடித்துவிட்டுத்தான் போனார்.

எடுப்பிக்கவே இல்லை. மறுமொழி போடக் கொடுத்த தவணையில் அண்ணா இல்லை என்றதும் வழக்கை ஒருதலைப்பட்ச விசாரணைக்கு எடுப்பித்து, வாங்கிய காசைப் பற்றி மூச்சும் விடாமல், முழுத் தொகைக்கும் வட்டியோடு தீர்ப்பு வாங்கியிருக்கிறார். நீதிமன்றக் கட்டளை வீட்டு வாசலுக்கு வந்தபோதுதான் எங்களுக்குத் தெரியும். கையில் காசை வாங்கிக்கொண்டு இப்படிச் செய்ய எப்படி மனம் வந்ததோ தெரியவில்லை, இன்றைக்கும் நினைத்தால் வயிறு எரிகிறது.

ஓடிப்போய்ப் பிடித்த சட்டத்தரணி சொன்னது இதுதான்: கட்டளை கையில் கிடைத்து 14 நாளுக்குள், வராமல் போனதற்கு நியாயமான காரணம் காட்டி, தீர்ப்பை நீக்கும்படி அதே நீதிமன்றத்தில் கேட்கலாம். அந்தக் கடுதாசி இப்போது அதற்குத்தான் உதவுகிறது. ஆனால் சீல் குத்திய கடுதாசி வீட்டு அலுமாரியில் இருந்தால் வழக்கு தானாக முடியாது. குடியியல் நடைமுறைச் சட்டக்கோவையின் 408ஆம் பிரிவின்படி இணக்கத்தை நீதிமன்றத்துக்கு அறிவித்து, நிபந்தனைகளை வழக்கேட்டில் பதிவித்து, அதன்படி கட்டளை எடுக்க வேண்டும். அதுவரை ஒவ்வொரு தவணைக்கும் நீங்களோ உங்கள் சட்டத்தரணியோ நிற்க வேண்டும், எதிர்ப்பக்கம் எவ்வளவு நல்ல மனிசன் என்றாலும்.

வழக்காளி “வாபஸ் வாங்குகிறேன்” என்றாலும் கவனம். திரும்ப வழக்குப் போட அனுமதி கேட்டு வாபஸ் வாங்கினால், அதே கடனுக்கு இன்னொரு முறை வரலாம். முடிந்தால் காசை நிபந்தனை பதியும் அன்று நீதிமன்றத்தில் வைத்தே கொடுங்கள்.

அண்ணாவின் விண்ணப்பம் இன்னும் விசாரணையில் இருக்கிறது. லாண்ட்மாஸ்டரைப் பிஸ்கால் (தீர்ப்பை நிறைவேற்ற வரும் நீதிமன்ற அலுவலர்) வந்து தூக்குவாரோ என்ற பயத்தோடுதான் இந்தப் போகம் விதைத்திருக்கிறோம். வெளியில் தீர்த்துவிட்டு அப்படியே இருப்பவர்கள் வழக்கு இலக்கத்தோடு நாளைக்கே நீதிமன்றப் பதிவாளர் அலுவலகத்துக்குப் போய், வழக்கு எந்த நிலையில் கிடக்கிறது என்று கேளுங்கள்.