பால் சேகரிப்புக் கணினித் தொகுதி: மட்டக்களப்பின் செங்கலடி, கிரான் பக்கப் பால் சங்கங்களுக்குச் சரிவருமா?

தராசு, பால் பரிசோதனைக் கருவி, துண்டு அடிக்கும் பிரிண்டர், சிம் போட்ட பெட்டி. தொகுதி இவ்வளவுதான். பண்ணையாளரின் இலக்கத்தை அடித்து, பாலை நிறுத்து, மாதிரியைக் கருவியில் வைத்தால் கொழுப்பு, கொழுப்பற்ற திண்மம், கலந்த தண்ணீர் மூன்றும் ஒரு நிமிடமளவில் வந்துவிடும். கணக்கு எஸ்எம்எஸ்ஸாகப் போகும். மாதக் கடைசியில் கொப்பியை விரித்துப் பிடிக்கும் சண்டை பாதியாவது குறையும்.

ஆனால் பரிசோதனைக் கருவி மீயொலியில் (காதுக்குக் கேட்காத ஒலி அலையில்) இயங்குவது. கறந்த கையோடு நுரை பொங்க வைத்தால் குமிழி புகுந்து வாசிப்பு தாறுமாறாகும். நுரை அடங்கியபின் மெதுவாகக் கலக்கித்தான் மாதிரி எடுக்க வேண்டும். பசு, எருமை இரண்டுக்கும் தனித்தனி அளவுத்திருத்தம் உண்டு. வரிசையில் மாறிமாறி வரும்போது பொத்தானை மாற்றாவிட்டால் கொழுப்பு பிழைக்கும், காசும் பிழைக்கும். குழாயில் பால்கல் (பாலின் கடினமான உப்புப் படிவு) படியாமலிருக்க நாளாந்தம் காரக் கழுவல், இடைக்கிடை அமிலக் கழுவல் கட்டாயம். சீனி, யூரியா கலந்த பாலை இது தனியாகக் காட்டிக்கொடுக்காது. விற்பவர் இதைச் சொல்லமாட்டார்.

இன்னொன்று: தராசு கிலோவில், கொடுப்பனவு லீற்றரில். ஒரு லீற்றர் பால் ஏறக்குறைய 1.03 கிலோ; மென்பொருள் கிலோவை 1.03 ஆல் வகுக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் 100 கிலோவுக்கு ஏறக்குறைய 3 லீற்றர் காசு சங்கத்துக்கு நட்டம்.

சிக்னல் இல்லாத இடத்தில் பதிவைச் சேமித்து, பிறகு அனுப்பும் வசதி அவசியம். பாலைக் குளிரவைக்கும் தாங்கியின் வெப்பநிலை 4 பாகை செல்சியஸைத் தாண்டினால் போனுக்கு எச்சரிக்கை தரும் உணரியை மேலதிகமாக வாங்கலாம். கரண்ட் போகும் ஊரில் பிரிண்டரைவிட அதுதான் முக்கியம்.