ஒரே நாள், இரண்டு வாக்குச்சீட்டுகள்: வையோமிங்கும் அலாஸ்காவும்

2022 ஆகஸ்ட் 16, செவ்வாய்க்கிழமை. அமெரிக்காவின் இரண்டு மாநிலங்களில் பிரைமரி, அதாவது நவம்பர் பொதுத் தேர்தலுக்கு வேட்பாளர்களைத் தேர்ந்தெடுக்கும் முன்தேர்தல், நடந்தது. வையோமிங்கில் லிஸ் செனி, அலாஸ்காவில் லிசா மர்கௌஸ்கி. இருவரும் குடியரசுக் கட்சி. ட்ரம்ப் ஆதரவாளர்கள் நாடாளுமன்றக் கட்டடத்தைத் தாக்கிய 2021 ஜனவரி 6க்குப் பிறகு, பதவிநீக்கத் தீர்மானத்தில் செனி பிரதிநிதிகள் சபையிலும் மர்கௌஸ்கி செனட்டிலும் ட்ரம்புக்கு எதிராக வாக்களித்தவர்கள். இருவரையும் வீழ்த்த ட்ரம்ப் தன் ஆதரவுடன் ஆள் நிறுத்தியிருந்தார். செனி 29 சதவீதம்கூட எட்டாமல் ஹேரியட் ஹேக்மனிடம் தோற்றார். மர்கௌஸ்கி 45 சதவீதத்துடன் முதலிடம் பிடித்தார்.

அமெரிக்காவில் கட்சி வெறுப்பு எவ்வளவு தூரம் போயிருக்கிறது என்பதற்கு ஒரு கணக்கு உண்டு. உங்கள் பிள்ளை எதிர்க்கட்சிக்காரரைக் கட்டிக்கொண்டால் வருந்துவீர்களா என்று 1960இல் கேட்டபோது, ஆமாம் என்றவர்கள் நூற்றுக்கு ஐந்து பேர் அளவில்தான். 2010இல் குடியரசுக் கட்சியினரில் ஏறத்தாழப் பாதிப் பேர், ஜனநாயகக் கட்சியினரில் மூன்றில் ஒருவர். கேபிள் செய்தி, முகநூல், பொருளாதார ஏற்றத்தாழ்வு என்று இதற்குக் காரணங்களை அடுக்குவார்கள். எல்லாவற்றிலும் உண்மை இருக்கிறது. ஆனால் வையோமிங் வீட்டில் ஓடும் அதே தொலைக்காட்சிதான் அலாஸ்காவிலும் ஓடுகிறது. வாக்குச்சீட்டுதான் வேறு.

வையோமிங்கின் பிரைமரி கட்சிக்காரர்களுக்கு மட்டுமே. குடியரசுக் கட்சியில் பதிவு செய்தவருக்கே அந்தக் கட்சியின் சீட்டு. மாநிலம் அக்கட்சியின் கோட்டை என்பதால் ஆகஸ்டிலேயே எல்லாம் முடிந்துவிடும். நவம்பர் வெறும் சம்பிரதாயம். ஆக, ஓர் உறுப்பினர் பயப்பட வேண்டியது தொகுதி மக்களுக்கு அல்ல, கட்சியின் மிகத் தீவிரமான பகுதிக்கு. செனி வரிக்கொள்கையில் கட்சியை மீறியவர் அல்ல. ஒரே ஒரு வாக்கு அவர் அரசியல் வாழ்வை முடித்தது. அதைப் பார்த்த மற்ற உறுப்பினர்கள் என்ன பாடம் படித்திருப்பார்கள்?

அலாஸ்கா 2020இல் மக்கள் வாக்கெடுப்பு மூலம் இதை மாற்றியது. ஆகஸ்டில் எல்லாக் கட்சியினரும் ஒரே சீட்டில்; யார் வேண்டுமானாலும் வாக்களிக்கலாம்; முதல் நான்கு பேர் நவம்பருக்குப் போவார்கள். நவம்பரில் 1, 2, 3, 4 என்று வரிசைப்படுத்தலாம். யாருக்கும் பாதிக்கு மேல் கிடைக்காவிட்டால், கடைசியில் இருப்பவரை நீக்கி அவருடைய வாக்குகளை அடுத்த விருப்பத்துக்கு மாற்றுவார்கள். இலங்கை வாசகர்களுக்கு இது முற்றிலும் அந்நியமல்ல. 2024 ஜனாதிபதித் தேர்தலில் முதன்முறையாக இரண்டாம் சுற்று எண்ணிக்கைக்குப் போய் விருப்பு வாக்குகளை எண்ணியது இதன் நெருங்கிய உறவுதான்.

பழைய முறையில் மர்கௌஸ்கி என்ன ஆகியிருப்பார் என்பதற்கு அவர் வாழ்க்கையே சாட்சி. 2010இல் கட்சி பிரைமரியில் தோற்றார். சீட்டில் பெயர் இல்லை. வாக்காளர்கள் கையால் எழுத வேண்டும், அதுவும் சிக்கலான எழுத்துக்கூட்டல் கொண்ட பெயரை. ஆதரவாளர்கள் பெயர் அச்சிட்ட கைப்பட்டைகளை வழங்கினார்கள், மக்கள் அதைப் பார்த்து எழுதினார்கள், வென்றார். 2022இல் அந்தப் பாடு தேவைப்படவில்லை. நவம்பரில் முதல் விருப்பத்திலேயே மயிரிழையில் முன்னிலை, இறுதியில் ஏறத்தாழ 54 சதவீதம்.

ஒப்பீட்டில் நேர்மை வேண்டும். 2020இல் ட்ரம்புக்கு வையோமிங் தந்தது 70 சதவீதம், அலாஸ்கா தந்தது 53. அலாஸ்கா வாக்காளர்களில் பாதிக்கு மேற்பட்டோர் எந்தக் கட்சியிலும் பதியாதவர்கள். ஆனாலும், பதவிநீக்கத்துக்கு வாக்களித்த குடியரசுக் கட்சிப் பிரதிநிதிகள் பத்துப் பேரில் மீண்டும் வென்றவர்கள் இருவரே. ஒருவர் கலிஃபோர்னியா, மற்றவர் வாஷிங்டன் மாநிலம். இரண்டுமே, எல்லாக் கட்சியினரும் ஒரே சீட்டில் வரும் பொதுப் பிரைமரி நடத்துபவை. அதே வாஷிங்டனில் இன்னொருவர் தோற்றார் என்பதையும் மறைக்கக் கூடாது. இது உத்தரவாதம் அல்ல, வாய்ப்பு.

அந்த இரண்டு மாநிலங்களிலும் வரிசை வாக்கு இல்லை என்பதைக் கவனியுங்கள். அதனால்தான் என் கணிப்பில் உண்மையான மருந்து பொதுப் பிரைமரி. வரிசைப்படுத்தல் துணை மருந்து. அலாஸ்காவில் கோபத்தைக் கிளப்பியதும் இந்த இரண்டாவதுதான். பிரதிநிதிகள் சபை இடத்துக்கான 2022 சிறப்புத் தேர்தலில் குடியரசுக் கட்சியினர் இருவர் பெற்ற வாக்குகளைக் கூட்டினால் ஏறத்தாழ 60 சதவீதம். வென்றதோ ஜனநாயகக் கட்சியின் மேரி பெல்டோலா. அந்த இருவரில் மூன்றாவதாக வந்த நிக் பெகிச்சின் வாக்காளர்களில் பாதிப் பேர்தான் மற்றவரான சாரா பேலினை அடுத்து வைத்தார்கள். பத்தில் மூவர் அளவில் பெல்டோலாவுக்குப் போனார்கள். ஐந்தில் ஒருவர் அடுத்த விருப்பத்தைக் குறிக்கவே இல்லை. ஏமாற்றப்பட்டோம் என்று தோற்றவர்கள் சொன்னார்கள். நான் அப்படி நினைக்கவில்லை, ஆனால் அந்த வலியை அலட்சியம் செய்யவும் மாட்டேன்.

அந்த ஆண்டுத் தேர்தலுக்குப் பின் அலாஸ்கா மாநில செனட்டின் 20 பேரில் 17 பேர், இரு கட்சியினரும் சேர்ந்து, ஒரே கூட்டணியாக அமர்ந்தார்கள். அங்கே கூட்டணி புதிதல்ல. இவ்வளவு பெரிதாக அமைந்தது கவனிக்கத்தக்கது. வையோமிங் 2023இல் தன் கதவை இன்னும் இறுக்கியது: வேட்புமனுத் தாக்கல் தொடங்கிய பிறகு பிரைமரிக்காகக் கட்சி மாறிப் பதிவு செய்ய முடியாது.

2024 நவம்பரில் புதிய முறையை ஒழிக்க அலாஸ்காவில் வாக்கெடுப்பு வந்தது. மூன்று லட்சத்துக்கு மேற்பட்டோர் வாக்களித்தார்கள். முறை பிழைத்தது ஆயிரத்துக்கும் குறைவான வாக்குகளில்.