காலக் காவலர்களின் குகை: ஒரு ஹீலரின் விமர்சனம்

வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் என்ற ஆன்லைன் விளையாட்டில் எனக்கு ரொம்பப் பிடித்த இடம், தனாரிஸ் பாலைவனத்தின் கிழக்கு ஓரத்தில் இருக்கிற 'கேவர்ன்ஸ் ஆஃப் டைம்'. 2007 ஜனவரியில் வந்த 'பர்னிங் க்ரூசேட்' விரிவாக்கத்தில்தான் இதன் கதவு திறந்தது. 2021-இல் அது பழைய வடிவத்திலேயே கிளாசிக் பதிப்பாகத் திரும்பி வந்தபோது, குழுவின் காயங்களை ஆற்றும் ஹீலரான என் பிரீஸ்ட் பாத்திரத்தோடு உள்ளே போனவள் நான். பகலில் பள்ளிக்கூடத்தில் வரலாறு நடத்துகிறேன். "மிஸ், அன்னைக்கு அவர் அப்படிச் செய்யாம இருந்திருந்தா என்ன ஆயிருக்கும்?" என்று பிள்ளைகள் கேட்காத வருஷம் கிடையாது. இந்தக் குகை முழுக்க அந்த ஒரே கேள்விதான்.

இங்கே குடியிருப்பது 'கீப்பர்ஸ் ஆஃப் டைம்' என்ற கூட்டம். அசலில் வெண்கல டிராகன்கள். ஆனால் மனித உருவிலும் எல்ஃப் உருவிலும் நடமாடுகிற மந்திரவாதிகள். தலைவர் நோஸ்டோர்மு. காலத்தின் ஓட்டத்தைக் காக்கும் பொறுப்பை அமான்துல் என்கிற, தெய்வம் போன்ற டைட்டனிடமிருந்து வாங்கியவர். 'இன்ஃபினிட்' டிராகன்கள் கடந்த காலத்துக்குள் புகுந்து நடந்ததை மாற்றப் பார்க்க, இவர்கள் நம்மை அனுப்பித் தடுக்கிறார்கள். 66-ஆம் லெவலில் முதல் குவெஸ்ட் (முடிக்க வேண்டிய பணி) கிடைக்கும். 'கஸ்டோடியன் ஆஃப் டைம்' நம்மைக் கூட்டிக்கொண்டு மெதுவாக நடந்தபடியே கதை சொல்லும். பலர் அதை விட்டுவிட்டு ஓடிவிடுகிறார்கள். தயவுசெய்து ஒரு முறையாவது கூடவே நடந்து கேளுங்கள்.

முதல் டன்ஜன் (ஐந்து பேர் குழுவாகப் போகிற சண்டைக்களம்) பழைய ஹில்ஸ்ப்ராட். டர்ன்ஹோல்ட் கோட்டையில் அடிமையாகக் கிடக்கும் த்ரால் என்ற ஓர்க் தப்பிக்க வேண்டும், அதற்கு நாம் உதவ வேண்டும். உள்ளே போனதும் எல்லாருக்கும் மனித வேஷம். வெண்கல டிராகனான எரோசியன் கொடுக்கிற வெடிகளை வைத்து ஐந்து வீடுகளைக் கொளுத்த வேண்டும், பிறகு சிறையைத் திறக்க வேண்டும். சண்டை என்று பார்த்தால் சாதாரணம்தான். எனக்கு முக்கியம், கொளுத்துவதற்கு முன்னால் கிடைக்கிற அவகாசம். அப்போது சவுத்ஷோர் ஊருக்குப் போய்ப் பாருங்கள். அங்கே சில குழந்தைகள் இருப்பார்கள். பெயர்களைப் படித்தால் திக்கென்று இருக்கும்: ஹெரட், சாலி வைட்மேன், ரெனால்ட் மோக்ரெய்ன். ஸ்கார்லெட் மொனாஸ்ட்ரி என்ற இன்னொரு டன்ஜனில் நாம் பாஸ்களாக (பெரிய எதிரிகளாக) சந்தித்துக் கொன்ற அதே ஆட்கள்! சத்திரத்துக்குள் ரெனால்டின் அப்பா அலெக்ஸாண்ட்ரோஸ் நண்பர்களோடு ஒரு கரும் படிகத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருப்பார். அந்தப் படிகத்திலிருந்துதான் ஆஷ்பிரிங்கர் என்ற வாள் பிறக்கும். அந்த வாளாலேயே அவரைக் குத்திக் கொல்லப்போவது இதே ஊரில் சுற்றிக்கொண்டிருக்கிற பையன். எனக்கு எல்லாம் தெரியும், ஆனால் அவரிடம் சொல்ல வழியில்லை. ஆட்டத்தை வடிவமைத்தவர்கள் இதற்கு ஒரு குவெஸ்ட்கூட வைக்கவில்லை. யாரும் பார்க்காமல் போனாலும் பரவாயில்லை என்று விட்டிருக்கிறார்கள். இந்த டன்ஜனில் நான் கொண்டாடுவது அதைத்தான்.

கடைசியில் தாரேதா. த்ராலுக்கு உதவிய பெண். இப்போதுதான் அவளைக் காப்பாற்றியிருப்போம். ஆனால் அவளுடைய முடிவு ஏற்கெனவே எழுதியாகிவிட்டது. எரோசியன் வந்து அங்கிருப்பவர்களின் நினைவுகளை அழித்துவிட்டு நம்மை அனுப்பிவிடுவார்.

அப்புறம் பிளாக் மொராஸ். ஹீலர்களுக்கு உண்மையான பரீட்சை இங்கேதான். மெடிவ் என்ற மந்திரவாதி வேறு உலகத்துக்கான வாசலான டார்க் போர்ட்டலைத் திறந்துகொண்டிருக்கிறான். அது திறந்தால் ஓர்க் படை உள்ளே வரும், ராஜ்ஜியங்கள் எரியும். அதைத் தடுக்க வருகிற டிராகன்களை நாம் கொல்ல வேண்டும்! ஏனென்றால் அந்த ஓர்க்குகள் வராவிட்டால் த்ரால் இல்லை. பின்னால் ஹைஜால் மலையில் லீஜன் என்ற அசுரப் படையை எதிர்த்து மனிதர்களோடும் எல்ஃப்களோடும் சேர்ந்து நிற்க ஆளும் இல்லை. பேரழிவுக்குக் காவல் நிற்பதை ஒரு கட்-சீனில் காட்டிவிட்டுப் போகாமல் நம் கையாலேயே செய்ய வைக்கிறார்கள் பாருங்கள், அதற்கே இந்த டன்ஜனுக்கு முழு மதிப்பெண்.

அந்த டிராகன்கள் வருவதற்குக் காலத்தில் மொத்தம் 18 பிளவுகள் திறக்கும். 6, 12, 18-இல் பாஸ்: டேஜா, டெம்போரஸ், ஏயோனஸ். ஒரு பிளவை மூடி முடித்தாலும் முடிக்காவிட்டாலும் அடுத்தது நேரத்துக்குத் திறந்துவிடும். அதைத் திறந்து வைத்திருப்பவன் சாகும்வரை ஆட்கள் வந்துகொண்டே இருப்பார்கள். அவர்கள் மெடிவை நெருங்கினால் அவனுடைய கவசம் குறையும். என் ஒரு கண், முன்னால் நின்று அடி வாங்கும் டேங்க்கின் ரத்தத்தில், இன்னொன்று கவசத்தின் சதவீதத்தில். மானா (மந்திர சக்தி) ஏறுவதற்கு உட்கார்ந்து தண்ணீர் குடிக்கக் கிடைக்கிற சில நொடிகளை வைத்துத்தான் குரூப் பிழைக்கும். டெம்போரஸ் அடிக்க அடிக்க டேங்க்குக்கு நாம் போடுகிற ஹீல் பலிப்பது குறைந்துகொண்டே போகும். ஏயோனஸ் காலத்தையே நிறுத்தி எல்லாரையும் உறைய வைப்பான். அது வருவதற்குள் டேங்க்கை முழு ரத்தத்துக்குக் கொண்டுவந்துவிட வேண்டும். ஜெயித்ததும் போர்ட்டல் வழியாக ஓர்க்குகள் வருவார்கள். அந்த நேரத்தில் எங்கள் குரூப்பில் சத்தமே இருக்காது.

இதே குகையிலிருந்து போகிற ஹைஜால் ரெய்டு (பெரிய குழுவாக ஆடும் சண்டை) எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை. முதல் நான்கு பாஸ்களுக்கும் முன்னால் எட்டெட்டு அலைகள், சலிப்புத் தட்டிவிடுகிறது. 2008-இல் 'ராத் ஆஃப் த லிச் கிங்' கொண்டுவந்த ஸ்ட்ராத்ஹோம் வேறு ரகம். நோய் பிடித்த ஊரை இளவரசன் ஆர்தஸ் வெட்டிச் சாய்க்கிறான். முடியாது என்று அவனுடைய ஆசான் உதரும் தோழி ஜைனாவும் விலகிப் போகிறார்கள். நாம் அவனோடு போக வேண்டும். ஹீரோயிக் என்ற கடினமான நிலையில் 25 நிமிடத்துக்குள் இன்ஃபினிட் கரப்டர் என்ற பாஸைப் பிடித்தால் வெண்கல டிராகன் மவுண்ட் (ஏறிப் பறக்கும் வாகனம்) உண்டு. ஆனால் மவுண்ட்டுக்காக ஓடுகிறபோது அந்த ஊரின் கனம் மனதில் ஏறுவதில்லை. முதல் தடவை நிதானமாகப் போங்கள்.

2011-இல் வந்த 'எண்ட் டைம்' டன்ஜனில் முரோசாண்ட் யார் என்று தெரியவரும்: இன்ஃபினிட் டிராகன்களின் தலைவன், எதிர்காலத்து நோஸ்டோர்முவேதான். அந்தச் சண்டையில் மணற்கடிகாரத்தை ஐந்து முறை தட்டிக் காலத்தைப் பின்னால் திருப்பலாம், செத்தவர்களும் எழுந்து வருவார்கள். யோசனை அருமை. ஆனால் சண்டை சுலபமாகிவிட்டது. பிளாக் மொராஸின் பதற்றம் இதில் இல்லை.

சந்தா மாதம் 14.99 டாலர், நம் ஊருக்கு அது கொஞ்சம் அதிகம்தான். இன்றைய பதிப்பில் உயர்ந்த லெவலோடு தனியாகவே பழைய டன்ஜன்களுக்குள் போய்விடலாம். கதையையும் சவுத்ஷோரையும் பார்க்க அது போதும். பிளாக் மொராஸை மட்டும் ஐந்து பேராக, சரியான லெவலில், கிளாசிக்கில் ஆடுங்கள். முடிந்தால் ஒரு ஹண்டரைச் சேர்த்துக்கொள்ளுங்கள். ஏயோனஸுக்கு வெறி ஏறும்போது அதைத் தணிக்கும் ஹண்டரின் ட்ராங்க்விலைசிங் ஷாட் பெரிய உதவி. மானா பாட்டிலை 17-ஆவது பிளவுக்கு முன்னால் தொடாதீர்கள்.