ஒரே வழக்கா, பழைய ஒலிநாடாவா?

குற்ற ஆவணப்படம் எடுக்க வருபவர்கள், ஒரே வழக்கோடு ஆண்டுக்கணக்கில் கிடப்பதா, பழைய பதிவுகளை வைத்துத் தொடர் செய்வதா என்று குழம்புகிறார்கள். அமெரிக்காவின் ஜோ பெர்லிங்கர் இரண்டையும் செய்தவர். அவரை வைத்தே பார்ப்போம்.

காலம்
வழக்கு: ஆர்கன்சா மாநிலத்தின் வெஸ்ட் மெம்ஃபிஸ் ஊரில் மூன்று சிறுவர்கள் கொல்லப்பட்ட வழக்கு. புரூஸ் சினோஃப்ஸ்கியோடு சேர்ந்து மூன்று படங்கள். முதல் படம் 1996. அந்தக் கொலைகளுக்காகத் தண்டனை பெற்றுச் சிறையிலிருந்த மூவரும் வெளியே வந்தது 2011.
ஒலிநாடா: பல பெண்களைக் கொன்ற டெட் பண்டி பற்றிய தொடர், நெட்ஃபிளிக்ஸ், 2019. நான்கே பாகங்கள்.

கையில் கிடைப்பது
வழக்கு: எது வரும் என்று சொல்லவே முடியாது. இறந்த சிறுவன் ஒருவனின் வளர்ப்புத் தந்தை, படக்குழுவில் ஒருவருக்கு மடக்குக் கத்தி ஒன்றைப் பரிசளித்தார். அதில் ரத்தம் போல ஏதோ தெரிந்தது. கத்தி போலீஸுக்குப் போனது; சோதனையில் எதுவும் உறுதியாகவில்லை. ஆனால் படமெடுப்பவரே வழக்குக்குள் வந்துவிட்டார்!
ஒலிநாடா: 1980-இல் பதிவான சிறைப் பேட்டிகள், நூறு மணி நேரத்துக்கு மேல். பண்டிக்கு மரண தண்டனை நிறைவேறியது 1989-இல்.

ஆபத்து
ஒலிநாடாவில்தான் அதிகம் என்பேன். கொலைகாரனின் குரலே படத்தை விழுங்கிவிடும். இறந்த பெண்கள் வெறும் புகைப்படங்களாக நிற்பார்கள்.

சரி, எது யாருக்கு? தீர்ப்பே தப்பு என்று மனசு உறுத்தினால் வழக்கோடு இருங்கள். குறித்த தேதியில் முடித்து, அடுத்த வேலைக்குப் போக வேண்டுமென்றால் ஒலிநாடா.