வயதுக்குக் கோப்பு இருக்கிறது, சம்மதத்துக்கு? ஆபாசப் படத் தயாரிப்பில் மூன்று பதிவு முறைகள்

1986 ஜூலையில் அமெரிக்க வீடியோ கடைகளிலிருந்து ஒரு நடிகையின் கேசட்டுகள் அவசர அவசரமாக அகற்றப்பட்டன. ஆபாசப் படத் துறையில் அன்றைக்கு மிகவும் பிரபலமாக இருந்தவர் அவர். கிட்டத்தட்ட தன் எல்லாப் படங்களிலும் 18 வயது நிரம்பாமலே நடித்திருந்தார் என்பது அப்போதுதான் வெளியே தெரிந்தது. கையில் போலி அடையாள ஆவணம் இருந்தது. ஆவணத்தைப் பார்த்துத்தான் வேலை கொடுத்தோம் என்று தயாரிப்பாளர்கள் தரப்பு வாதாடியது. ஒரு சிறுமி சுரண்டப்பட்ட கதை, பெரிய மனிதர்கள் ஏமாந்த கதையாகப் பேசப்பட்டதை இன்று படித்தாலும் கோபம் வருகிறது.

அதே மாதம், ஆபாசப் படங்களைப் பற்றி ஆராய அமெரிக்க அரசு அமைத்த மீஸ் ஆணையத்தின் அறிக்கை வெளியானது. நடிப்பவரின் வயதுச் சான்றைத் தயாரிப்பாளர் பதிவுசெய்து வைக்க வேண்டும் என்பது அதன் பரிந்துரைகளில் ஒன்று. 1988இல் அது சட்டமானது. அமெரிக்கக் கூட்டாட்சிச் சட்டத்தொகுப்பின் 18ஆம் தலைப்பில் 2257ஆம் பிரிவு. துறையில் இருப்பவர்களுக்கு அந்த எண்ணைச் சொன்னாலே போதும்.

இன்று ஒரு தயாரிப்பாளரின் முன்னால் மூன்று முறைகள் இருக்கின்றன. ஒன்று, இந்த 2257 கோப்பு. இரண்டாவது, விசா, மாஸ்டர்கார்ட் போன்ற கார்டு நிறுவனங்களும் அவற்றுக்குப் பயந்து இணையதளங்களும் கேட்கும் ஆவணங்கள். மூன்றாவது, சில ஸ்டுடியோக்கள் தாங்களாகவே நடத்தும் சம்மதப் பேட்டியும் எல்லைப் பட்டியலும். மூன்றும் ஒரே வேலையைச் செய்வதாகப் பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. நடிப்பவரின் இடத்தில் நின்று பார்த்தால் இவற்றின் வித்தியாசம் மிகப் பெரியது.

2257 கோப்பு: வயதுக்கு இரும்புப் பெட்டி

முதலில் சட்டம் கேட்பதைப் பார்ப்போம். படப்பிடிப்புக்கு முன் அரசு வழங்கிய, படம் ஒட்டிய அடையாள அட்டையைத் தயாரிப்பாளர் பார்க்க வேண்டும். சட்டப்படியான பெயர், பிறந்த தேதி, மேடைப் பெயர், முன்பு பயன்படுத்திய பெயர்கள் எல்லாவற்றையும் குறித்துக்கொள்ள வேண்டும். அட்டையின் நகலைக் கோப்பில் வைக்க வேண்டும். எந்தப் படத்தில் யார் நடித்தார் என்று பெயரை வைத்தும் படத்தலைப்பை வைத்தும் தேடி எடுக்கும்படி அடுக்க வேண்டும். மற்ற அலுவலகக் காகிதங்களோடு கலக்கக் கூடாது. ஏழு ஆண்டுகள் பாதுகாக்க வேண்டும். படத்தின் மேலேயே, இந்தப் பதிவேடு எந்த முகவரியில் இருக்கிறது என்ற அறிவிப்பும் இருக்க வேண்டும். தவறினால் முதல் முறைக்கே ஐந்து ஆண்டுகள் வரை சிறை.

இதன் பலம் தெளிவு. என்ன செய்ய வேண்டும் என்பதில் குழப்பமே இல்லை. நடிப்பவரின் வயது தனக்குத் தெரியாது என்று தயாரிப்பாளர் கைவிரிக்க முடியாது. குழந்தைகளைப் பாதுகாக்கும் விஷயத்தில் பொறுப்பைத் தயாரிப்பாளரின் தலையில் வைத்தது சரியான முடிவு என்றே நான் நினைக்கிறேன். கோப்பு எழுதுவது வேலைச்சுமை என்ற புலம்பலை மட்டும் வைத்து இந்தச் சட்டத்தை ஒதுக்கிவிட முடியாது.

ஆனால் ஓட்டைகளும் உண்டு. ஒன்று, பிறர் பதிவேற்றுவதைத் தேர்ந்தெடுக்காமல், மாற்றாமல் வெறுமனே இடம் கொடுக்கும் தளங்களைச் சட்டம் தயாரிப்பாளராகக் கருதுவதில்லை. கேசட் காலத்தில் இது பெரிதாகத் தெரியவில்லை. யார் வேண்டுமானாலும் வீடியோ ஏற்றலாம் என்ற தளங்கள் வந்ததும் அந்தச் சின்ன விலக்கு பெரிய வாசலாகிவிட்டது.

இன்னொன்று முகவரி. பதிவேடு இருக்கும் இடம் தெருப் பெயரோடு இருக்க வேண்டும், தபால் பெட்டி எண் போதாது. பெரிய ஸ்டுடியோவுக்கு அது அலுவலக முகவரி. வீட்டிலிருந்தே தனியாகப் படம் எடுத்து விற்கும் பெண்ணுக்கோ அது அவர் தூங்கும் வீடு. பின்தொடர்ந்து தொல்லை கொடுப்பவர்களுக்கு வழி காட்டியது போல் ஆகிவிடும். 2008 விதிமுறைகள் பதிவேட்டை வெளியாள் ஒருவரிடம் ஒப்படைத்துக் காப்பாற்றலாம் என்று அனுமதித்தது இதில் ஓரளவு நிம்மதி. சிறிய தயாரிப்பாளர் யாராக இருந்தாலும் அந்தச் சேவைக்குப் பணம் கொடுப்பதே நல்லது.

எஃப்.பி.ஐ. அதிகாரிகள் 2006இல் ஸ்டுடியோக்களுக்கு நேரில் போய்ப் பதிவேடுகளைப் பார்க்கத் தொடங்கினார்கள். சில காலத்திலேயே அது நின்றுபோனது. முன்னறிவிப்பும் வாரண்டும் இல்லாமல் நடத்தும் அந்தச் சோதனை அரசியலமைப்புக்கு முரணானது என்று பிலடெல்பியாவில் உள்ள மேல்முறையீட்டு நீதிமன்றம் 2015இல் சொன்னது. அதே நீதிமன்றம் 2020இல், வழக்குத் தொடுத்தவர்களில் சிலருக்கு இந்தப் பதிவேட்டு நிபந்தனைகளைப் பொருத்துவதும் பேச்சுரிமைக்கு முரண் என்றது. சட்டம் முழுவதையும் ரத்து செய்யவில்லை. ஆக, கோப்பு வைக்க வேண்டிய கட்டாயம் பெரும்பாலோருக்கு இருக்கிறது, வந்து பார்ப்பவர்தான் யாரும் இல்லை.

எனக்கு இதைவிடப் பெரிதாகத் தெரியும் குறை வேறு. இந்தக் கோப்பில் சம்மதத்துக்கு ஓர் இடமும் இல்லை. உங்களுக்கு வயது எத்தனை என்று கேட்கும் சட்டம், இதைச் செய்ய உங்களுக்கு விருப்பமா, இது எங்கே வெளியாகும் என்று தெரியுமா என்று ஒரு வரி கூடக் கேட்பதில்லை.

காகிதம் இருந்தும் நடந்த மோசடி

சான் டியாகோவில் இயங்கிய ‘கேர்ள்ஸ் டூ போர்ன்’ தளத்தின் வழக்கை இந்த இடத்தில் பார்த்தே ஆக வேண்டும். மாடலிங் வேலை என்று விளம்பரம் போட்டுப் பெண்களை வரவழைத்தார்கள். படம் இணையத்தில் வராது, வெளிநாட்டில் தனிப்பட்ட சேகரிப்பாளர்களுக்கு டிவிடியாகத்தான் போகும் என்றார்கள். நம்பாதவர்களிடம், முன்பு நடித்த பெண் என்று சொல்லி, காசு கொடுத்து அமர்த்திய ஒருவரைப் பேச வைத்தார்கள். ஒப்பந்தக் காகிதங்களை அவசரப்படுத்திக் கையெழுத்து வாங்கினார்கள். அவற்றில் தளத்தின் பெயரே இல்லை. பிறகு அந்தப் படங்கள் இணையம் முழுக்கப் பரவின. குடும்பத்துக்கும் உடன் படித்தவர்களுக்கும் போய்ச் சேர்ந்தன.

வழக்குத் தொடுத்த 22 பெண்களும் 18 வயது நிரம்பியவர்கள். வயது என்ற ஒன்றை மட்டும் பார்த்தால் அங்கே தவறே கிடையாது. கையெழுத்துகளும் இருந்தன. 2020 ஜனவரியில் நீதிபதி கெவின் என்ரைட் அதை மோசடி என்று தீர்ப்பளித்தார். 1 கோடியே 27 லட்சம் டாலருக்கும் மேல் இழப்பீடு, படங்களின் உரிமையும் அந்தப் பெண்களுக்கே. கூட்டாட்சி குற்ற வழக்கில், முக்கிய நடிகராக இருந்தவருக்கு 2021இல் 20 ஆண்டு சிறை கிடைத்தது.

வயதுப் பதிவேடு வைத்திருக்கிறோம், எல்லாம் முறைப்படி நடக்கிறது என்று யாராவது சொன்னால், இந்த வழக்கை நினைத்துக்கொள்ளுங்கள்.

கார்டு நிறுவனங்களின் விதி: எட்டும் தூரம் அதிகம்

2020 டிசம்பரில் போர்ன்ஹப் என்ற ஆபாச வீடியோ தளத்தில் சிறார்களும் சம்மதம் தராதவர்களும் இருக்கும் படங்களைப் பற்றி நியூயார்க் டைம்ஸ் நாளிதழில் கட்டுரை வந்தது. சில நாட்களிலேயே மாஸ்டர்கார்டும் விசாவும் அந்தத் தளத்தில் தங்கள் கார்டுகளால் பணம் செலுத்தும் வசதியை நிறுத்தின. அதற்கடுத்த சில நாட்களில், சரிபார்க்கப்படாதவர்கள் ஏற்றிய லட்சக்கணக்கான வீடியோக்களைத் தளம் ஒரேயடியாக நீக்கியது. 1988 முதல் இருந்த சட்டம் சாதிக்காததைப் பணப் பாதையை அடைத்தவர்கள் இரண்டு வாரத்துக்குள் சாதித்தார்கள்.

அப்புறம் 2021 ஏப்ரலில் மாஸ்டர்கார்ட் புதிய விதிகளை அறிவித்தது. அக்டோபர் 15 முதல் அவை நடைமுறைக்கு வந்தன. பதிவேற்றுபவர் மட்டுமில்லாமல், படத்தில் தெரியும் ஒவ்வொருவரின் வயதும் அடையாளமும் ஆவணத்தோடு சரிபார்க்கப்பட வேண்டும். வெளியாகும் முன்பே தளம் படத்தைப் பார்வையிட வேண்டும். புகார் வந்தால் ஏழு வேலை நாட்களுக்குள் முடிவு காண வேண்டும்.

இதில் என்னைக் கவர்ந்தது சம்மதத்தைப் பிரித்துக் கேட்ட விதம். படம் பிடிக்கச் சம்மதமா என்பது ஒரு கேள்வி. இந்தத் தளத்தில் பொதுவெளியில் போடச் சம்மதமா என்பது இன்னொரு கேள்வி. பிறர் தரவிறக்கிக்கொள்ள விடலாமா என்பது மூன்றாவது. சான் டியாகோ பெண்களிடம் பொய் சொன்னது சரியாக இந்த இரண்டாவது கேள்வியில்தான். அதைத் தனியாக, தளத்தின் பெயரோடு எழுத்தில் கேட்டிருந்தால் அங்கேயே பலர் எழுந்து போயிருப்பார்கள்.

2257இன் பார்வைக்கு வெளியே நின்ற பதிவேற்றத் தளங்களையும் இது பிடித்துவிடுகிறது. ஏற்றுபவர் ‘எல்லோரும் சம்மதித்தார்கள்’ என்று ஒரு பெட்டியில் டிக் அடிப்பது போதாது என்பதை, 2024 பிப்ரவரியில் கனடாவின் தனியுரிமை ஆணையரும் போர்ன்ஹப் நடத்தும் நிறுவனத்தின் மீதான விசாரணை அறிக்கையில் உறுதியாகச் சொன்னார். முன்னாள் காதலன் ஏற்றிய வீடியோவால் பாதிக்கப்பட்ட ஒரு பெண்ணின் புகாரில் தொடங்கிய விசாரணை அது.

குறை என்ன? இது சட்டம் இல்லை, வியாபார ஒப்பந்தம். மீறினால் சிறை கிடையாது, கார்டு வசதி போகும், அவ்வளவுதான். விதியை எழுதுபவர்கள் யாருக்கும் பதில் சொல்லத் தேவையில்லை. வங்கிகளின் நெருக்கடியைக் காரணம் காட்டி, வெளிப்படையான பாலியல் படங்களைத் தடை செய்யப்போவதாக, நடிப்பவர்களே சந்தா வாங்கிப் படம் விற்கும் ஓன்லிஃபேன்ஸ் தளம் 2021 ஆகஸ்டில் அறிவித்தது. சில நாட்களில் பின்வாங்கியது. அந்தச் சில நாட்களில் தங்கள் வருமானம் ஒரே அறிவிப்பில் போய்விடும் என்று தவித்தவர்கள் பெரும்பாலும் முறையாக ஆவணம் கொடுத்து, தங்கள் விருப்பத்தோடு வேலை செய்தவர்கள். அவர்கள் முறையிட நீதிமன்றம் போன்ற இடம் ஏதும் இல்லை.

தனியுரிமை ஆபத்தும் இங்கே கூடுகிறது. ஒருவர் நான்கு தளங்களில் படம் விற்றால் நான்கு இடத்தில் அவருடைய அடையாள அட்டை கிடக்கிறது. கூட நடித்தவரின் அட்டையும்தான். 2011இல், துறையில் நடிப்பவர்களுக்குப் பால்வினை நோய்ப் பரிசோதனை செய்யும் மையத்துத் தரவிலிருந்து கசிந்ததாகச் சொல்லப்பட்ட 12,000க்கும் மேற்பட்ட நடிகர்களின் உண்மைப் பெயர்கள் ஓர் இணையதளத்தில் கொட்டப்பட்டன. பாதுகாப்புக்காகக் கொடுத்த தகவல்தான் அதுவும். அட்டை எண்ணை மறைத்துவிட்டு பிறந்த தேதியை மட்டும் காட்டும் சரிபார்ப்பு முறையைத் தளங்கள் ஏற்பதே நியாயம்.

ஸ்டுடியோவின் எல்லைப் பட்டியல்

மூன்றாவது முறையைச் சுருக்கமாகச் சொல்லலாம், ஏனென்றால் இதைக் கட்டாயப்படுத்த யாரும் இல்லை. கிங்க் டாட் காம் போன்ற சில நிறுவனங்கள், எதைச் செய்வேன், எதைச் செய்யமாட்டேன் என்ற பட்டியலை நடிப்பவரிடம் முன்கூட்டியே வாங்குகின்றன. காட்சிக்கு முன்னும் பின்னும் கேமரா முன்னால் பேட்டி எடுக்கின்றன. சம்மதத்தின் உள்ளடக்கம் என்று பார்த்தால் மற்ற இரண்டையும்விட இதுவே ஆழமானது. சம்மதம் ஒரு முறை கொடுத்து முடிந்துபோவதில்லை, காட்சியின் நடுவிலும் மாறலாம் என்பதை இது மட்டும்தான் ஏற்றுக்கொள்கிறது.

ஆனால் பேட்டி எடுப்பவர் சம்பளம் கொடுப்பவர். காசு கைக்கு வரும் முன், ஊருக்குத் திரும்ப டிக்கெட் அவர் போட்டுத்தர வேண்டிய நிலையில், எல்லாம் நன்றாக நடந்தது என்று ஒரு இளம்பெண் சொல்வதை எவ்வளவு நம்பலாம்? பேட்டி முடிவதற்குள் பணம் கொடுத்துவிட வேண்டும், பேட்டியின்போது இயக்குநர் அறையில் இருக்கக் கூடாது. இந்த இரண்டும் இல்லாத பேட்டி நிறுவனத்தின் வக்கீலுக்குத்தான் உதவும்.

எதைத் தேர்ந்தெடுப்பது?

குழந்தைகளைக் காப்பதற்கு 2257 கோப்பே சிறந்தது, வெளிக் காப்பாளரிடம் ஒப்படைத்தால் இன்னும் நல்லது. வயது வந்தவரை ஏமாற்றாமல் இருப்பதற்கு, மூன்றாகப் பிரித்துக் கேட்கும் சம்மதப் படிவம் அதைவிடப் பல மடங்கு மேல். ஒன்றை மட்டும்தான் அடித்தளமாக வைக்கலாம் என்றால் நான் அந்தப் படிவத்தைத்தான் எடுப்பேன். அடையாள அட்டைச் சரிபார்ப்பும் அதற்குள் வந்துவிடுகிறது. அமெரிக்காவில் எடுப்பவர் சட்டக் கோப்பைத் தவிர்க்க முடியாது என்பதால் அதை மேலே சேர்க்கலாம். எல்லைப் பட்டியல் ஒரு பக்கக் காகிதம்தான், அதை வாங்காமல் விடுவதற்கு ஒரு காரணமும் எனக்குத் தெரியவில்லை.

மூன்றும் சேர்ந்தாலும் ஒரு இடம் காலியாக இருக்கிறது. எல்லாக் காகிதமும் தயாரிப்பாளரிடமும் தளத்திடமும் இருக்கின்றன, நடித்தவர் கையில் எதுவும் தரவேண்டிய கட்டாயம் இல்லை. பின்னாளில் மனம் மாறினால் அவருக்கு வழியும் குறைவு. 2025 மே மாதம் அமெரிக்காவில் வந்த ‘டேக் இட் டவுன்’ சட்டம், சம்மதமில்லாத அந்தரங்கப் படங்களைப் புகார் வந்த 48 மணி நேரத்துக்குள் தளங்கள் நீக்க வேண்டும் என்கிறது. நல்ல சட்டம். ஆனால் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டு நடித்து, பிறகு வேண்டாம் என்று நினைப்பவரை மனதில் வைத்து அது எழுதப்படவில்லை.

ஒரு சிறிய தயாரிப்பாளர் இந்த இடத்தை நாளைக்கே நிரப்பலாம். படிவத்தைப் படப்பிடிப்புக்குச் சில நாட்கள் முன்பே, அவர் ஊரில் இருக்கும்போதே அனுப்புங்கள். தளங்களின் பெயரைப் பெரிய எழுத்தில் போடுங்கள். கையெழுத்தான நகலை அன்றே அவரிடம் கொடுங்கள். எத்தனை ஆண்டு கழித்துக் கேட்டால் படத்தை இறக்குவீர்கள், அதற்கு யாருக்கு எழுத வேண்டும் என்பதையும் அதே தாளில் எழுதிக் கொடுங்கள். என்ரைட் தீர்ப்பும், ஆள் சேர்க்கும்போதே படம் எங்கே வெளியாகும் என்பதைத் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்றுதான் உத்தரவிட்டது.