பூனை, நாய் உள்ள வீட்டில் எறும்புக்கு எது சரி: சாக்பீஸா, பொடியா, போரிக் பவுடரா?

எறும்புக்கு மருந்து கேட்டால் கடைக்காரர் முதலில் எடுத்து நீட்டுவது சாக்பீஸ்தான். விலை குறைவு, ஒரு கோடு கிழித்தால் வேலை முடிந்தது. ஆனால் பூனை வளர்க்கும் வீட்டுக்கு அதை வாங்கவே வேண்டாம் என்பேன்.

அந்தக் கோட்டில் இருப்பது பெரும்பாலும் டெல்டாமெத்ரின், சைபர்மெத்ரின் மாதிரியான பைரித்ராய்டு மருந்து. இதை முறித்து வெளியேற்றும் சக்தி பூனையின் கல்லீரலுக்கு மிகக் குறைவு. பூனை நடப்பதோ சுவரோரமாக. கோட்டை மிதித்துவிட்டுப் போய் உட்கார்ந்து, பாதத்தை விரித்து விரல் இடுக்கு வரை நக்கும். எச்சில் ஒழுகும், உடம்பு நடுங்கும், அளவு கூடினால் வலிப்பு வரும். நாய் இதைவிடத் தாங்கும். ஆனால் குட்டியாக இருந்தால் சாக்பீஸையே கடித்து மென்றுவிடும். எறும்புப் பொடி இன்னும் மோசம், காற்றில் பறந்து சோற்றுக் கிண்ணத்திலேயே விழும்.

சரி, இயற்கை வழிக்குப் போகலாம் என்று கற்பூரத்தைத் தூவுகிறார்கள். கற்பூரம் நாய், பூனை இரண்டுக்கும் நஞ்சு. கிராம்புத் தைலமும் டீ ட்ரீ ஆயிலும் பூனைக்கு ஆகவே ஆகாது. மஞ்சள்தூளால் கெடுதல் இல்லை, எறும்பு அதைச் சுற்றிக்கொண்டு போய்விடும், அவ்வளவுதான்.

தீனிக் கிண்ணத்தை மட்டும் காப்பாற்ற வேண்டுமென்றால் பழைய முறையை மிஞ்ச ஒன்றுமில்லை: அகலமான தட்டில் தண்ணீர் ஊற்றி நடுவே கிண்ணத்தை வையுங்கள். கிண்ணம் தட்டின் விளிம்பைத் தொடக்கூடாது. தண்ணீரைத் தினமும் மாற்றுங்கள். தூசி படிந்தால் எறும்பு அதன்மேல் நடந்தே கடந்துவிடும், கொசுவும் முட்டையிடும்.

புற்றையே ஒழிக்க என் ஓட்டு போரிக் பவுடருக்கு. அரை லிட்டர் தண்ணீரில் ஒரு டீஸ்பூன் பவுடர், கால் கப் சர்க்கரை. பவுடரைக் கூட்டாதீர்கள். கூட்டினால் எறும்பு வழியிலேயே செத்துவிடும், மருந்து ராணிக்குப் போய்ச் சேராது. இதுவும் தின்னத் தகுந்ததல்ல, நாய் நிறையக் குடித்தால் வாந்தி எடுக்கும். அதனால் பஞ்சில் நனைத்து, மூடியில் சிறு துளையிட்ட டப்பாவில் போட்டு, பிரிட்ஜுக்குப் பின்னால், வாயும் பாதமும் எட்டாத இடத்தில் வையுங்கள். பலன் தெரிய ஓரிரு வாரம் ஆகும். பொறுமை வேண்டும்.

சோப்புத் தண்ணீரால் துடைப்பதும் நல்ல வழிதான். எறும்பு விட்டுச்செல்லும் வாசனைத் தடம் அழிந்து வரிசை குலையும். ஆனால் டப்பா வைத்திருக்கும் நாட்களில் அந்த வரிசையைத் துடைக்காதீர்கள். தடம் இருந்தால்தானே எறும்பு டப்பாவைத் தேடி வரும்! வரத்து நின்ற பிறகு துடைத்து, எறும்பு புறப்பட்ட ஓட்டையை ஒயிட் சிமெண்ட் வைத்து அடைத்துவிடுங்கள்.